உதவி: ஏற்காட்டில் சைப்ரஸ் கன்றுகள் பழுப்பாகிக் காய்கின்றன, உடனே சொல்லுங்கள்

பனிமூட்டம் | ஜனவரி 8, இரவு 9:40
வணக்கம். வாங்கி நட்ட சைப்ரஸ் கன்றுகள் பழுப்பாகிக்கொண்டே வருகின்றன. ஒன்பதில் ஐந்துக்கு வந்துவிட்டது. குளிர் தாங்கவில்லையா, வெயில் போதவில்லையா? தண்ணீர் சரியாகத்தான் விடுகிறோம். அப்பா ஆசைப்பட்டு வைத்தது. தெரிந்தவர்கள் சீக்கிரம் சொல்லுங்கள்.

கொண்டலாம்பட்டி_மாடி | இரவு 9:58
ஏற்காட்டில் எந்தப் பக்கம்? தொட்டியா, தரையா? என் மாடியில் இரண்டு தொட்டி இருந்தது, போன சித்திரை வெயிலில் கருகிப்போனது. காலை வெயில் மட்டும் படுகிற மாதிரி பச்சை வலை கட்டுங்கள்.

மிளகுக்கொடி | இரவு 10:15
மார்கழிப் பனிதான் காரணம். சாயங்காலமே சாக்குப் பையால் மூடிவிடுங்கள். எங்கள் வீட்டில் ரோஜாவுக்கு அப்படித்தான் செய்வோம்.

வேர்முடிச்சு | இரவு 10:31
"சரியாகத்தான்" என்றால் எத்தனை நாளுக்கு ஒருமுறை? எவ்வளவு? பழுப்பு நுனியிலிருந்து உள்ளே போகிறதா, உள்ளிருந்து வெளியே வருகிறதா? இது தெரியாமல் யார் என்ன சொன்னாலும் ஊகம்தான். எனக்கு வேரழுகல் என்று படுகிறது. ஒரு கன்றின் ஓரத்தில் ஒரு சாண் தோண்டி, மண்ணைக் கையில் பிடித்துப் பாருங்கள்.

பழைய_பாத்தி | ஜனவரி 9, காலை 6:20
தம்பி, இங்கே கேள்வி கேட்பதற்கு ஒரு முறை இருக்கிறது. மரத்தின் வகை, நட்ட மாதம், வெயில் எத்தனை மணி நேரம், மண், படம். இதைப் பலமுறை எழுதிவிட்டேன், யாரும் படிப்பதில்லை. "சைப்ரஸ்" என்பது ஒரு மரம் அல்ல, ஒரு குடும்பம். அரிசோனா சைப்ரஸ் பூஜ்ஜியத்துக்குக் கீழே 15 டிகிரி வரை தாங்கும். இத்தாலி சைப்ரஸும் மான்டெரே சைப்ரஸும் அவ்வளவு தாங்காவிட்டாலும் லேசான உறைபனிக்கு அஞ்சாதவை. ஏற்காட்டில் தண்ணீரே உறைவதில்லை. குளிரால் சாகிறது என்பவர்கள் தயவுசெய்து கொஞ்சம் படித்துவிட்டு வாருங்கள்.

மிளகுக்கொடி | காலை 7:05
ஐயா, குளிர்நாடுகளில் பனிக்காலத்தில் இந்த மரங்கள் பழுப்பாவதை நானும் படித்திருக்கிறேன். தெரியாமல் சொல்லவில்லை.

வேர்முடிச்சு | காலை 7:22
அங்கே தரை உறைந்து வேர் தண்ணீர் எடுக்க முடியாமல் போகும். மேலே காற்றும் வெயிலும் இலையை உலர்த்தும். அதனால் இலை காய்ந்துபோவதுதான் அது. நம் மலையில் அதற்கு வாய்ப்பே இல்லை. நம்மிடம் தரை உறைவதில்லை, ஊறித்தான் போகிறது.

பனிமூட்டம் | காலை 11:10
மன்னிக்கவும், அவசரத்தில் விட்டுவிட்டேன். நாகலூர்ப் பக்கம், தரையில். ஆடி மாதம் நட்டது. மஞ்சள் கலந்த பச்சை, கசக்கினால் எலுமிச்சை வாசம். காப்பித் தோட்ட ஓரத்தில் சில்வர் ஓக் வரிசைக்கு வடக்கே, பத்துப் பதினைந்தடி தள்ளி. நட்டபோது நல்ல வெயில் இருந்தது. தண்ணீர் தினமும் ஒரு குடம். பழுப்பு உள்ளிருந்தும் அடியிலிருந்தும் வருகிறது. நேற்று ராத்திரி சாக்கும் போட்டாகிவிட்டது.

செஞ்சிலந்தி_எதிரி | காலை 11:34
உள்ளிருந்து என்றால் செஞ்சிலந்திப் பேன்தான். வெள்ளைத்தாளைக் கீழே பிடித்துக் கிளையைத் தட்டுங்கள். புள்ளிகள் நகர்ந்தால் பேன்.

வேர்முடிச்சு | மதியம் 12:02
பேன் வறட்சியில் பெருகும். தினமும் ஒரு குடம் ஊற்றி, பனி மூடியிருக்கிற இடத்தில் எனக்கு நம்பிக்கையில்லை. தட்டிப் பார்ப்பதில் நஷ்டமும் இல்லை.

பழைய_பாத்தி | மதியம் 12:40
இப்போதுதான் கேள்வி கேள்வியாக இருக்கிறது. எலுமிச்சை வாசம் என்றால் கோல்டுகிரெஸ்ட், மான்டெரே சைப்ரஸின் ஒரு வகை. கலிபோர்னியாவின் கடலோரத்தில் மூடுபனிக்கு நடுவே வளர்கிற மரம் அது. மூடுபனி ஒன்றும் செய்யாது, நிழல்தான் செய்யும். நாளுக்கு ஆறு மணி நேரமாவது நேர்வெயில் வேண்டும். குறைந்தால் முதலில் மஞ்சள் போய்ப் பச்சையாகும், அப்புறம் உள்கிளைகள் காயும்.

நட்டபோது வெயில் இருந்தது என்கிறீர்கள். ஆடியில் நண்பகல் சூரியன் நம் தலைக்குச் சற்று வடக்கே நிற்கும், ஓக் மரத்தின் உச்சி நிழல் தெற்கே விழும். மார்கழியில் சூரியன் தெற்கே சாய்ந்துவிடுகிறது. ஏற்காட்டில் அப்போது உச்சிவேளையிலும் 55 டிகிரி உயரம்தான். 50 அடி ஓக் மரத்தின் நிழல் ஏறக்குறைய 35 அடி வடக்கே நீளும். உங்கள் கன்றுகள் பதினைந்தடியில் நிற்கின்றன. ஐப்பசியிலிருந்தே அவை நிழலில்தான் இருந்திருக்கும். நிழலில் தண்ணீர் செலவாகாது. நீங்களோ தினமும் ஒரு குடம் ஊற்றுகிறீர்கள். வேர் மூச்சு முட்டுகிறது.

சாக்கை இப்போதே எடுங்கள். தண்ணீரை நிறுத்துங்கள், இரண்டு அங்குல ஆழம் உலர்ந்த பிறகு விட்டால் போதும். தை வெயில் பட ஓக்கில் கீழ்க்கிளைகளைக் கவ்வாத்து செய்யுங்கள். முழுதாய்க் காய்ந்த கிளையை வெட்டலாம், ஆனால் பச்சையில்லாத கட்டையிலிருந்து சைப்ரஸ் மீண்டும் துளிர்க்காது. வெட்டியது வெட்டியதுதான்.

சோலைக்குருவி | மாலை 4:15
கேட்கிறேன் என்று தப்பாக நினைக்க வேண்டாம். சேர்வராயன் மலையில் வெளிநாட்டு மரம் எதற்கு? நாவல், சந்தனம், பலா எல்லாம் இங்கே நிற்கும். பறவைக்குப் பழமும் கிடைக்கும்.

கொண்டலாம்பட்டி_மாடி | மாலை 4:37
அக்கா, அவர் ஓக் மரத்து நிழலில் இருக்கிறார். அது ஆஸ்திரேலியாவிலிருந்து வந்தது. காப்பியும் 1820களில் காக்பர்ன் சேலம் கலெக்டராக இருந்தபோதுதான் மலைக்கு வந்தது. மலையில் எது அந்நியம், எது சொந்தம் என்று எப்படிப் பிரிப்பது?

சோலைக்குருவி | மாலை 5:02
வந்துவிட்டது என்பதற்காக இன்னும் கொண்டுவர வேண்டுமா? காப்பிக்கு மேலே கொஞ்சம் பழைய மரங்களை விட்டு வைத்த தோட்டங்களில் குருவிச் சத்தமே வேறு. ஓக் மட்டும் நட்ட தோட்டத்தில் நடந்து பாருங்கள், வித்தியாசம் புரியும்.

மிளகுக்கொடி | மாலை 5:20
ஓக்கில்தான் எங்கள் மிளகு ஏறுகிறது. அதைக் குறை சொன்னால் எப்படி?

பழைய_பாத்தி | மாலை 6:00
இதற்குத் தனி இழை தொடங்குங்கள். இது ஒரு குடும்பத்தின் ஒன்பது கன்றுகளைப் பற்றியது.

வேர்முடிச்சு | ஜனவரி 11, காலை 8:15
பனிமூட்டம், தோண்டிப் பார்த்தீர்களா? மண் எப்படி?

வேர்முடிச்சு | ஜனவரி 19, காலை 8:40
இன்னும் பதில் இல்லையே. கன்றுகள் எப்படி இருக்கின்றன?

பனிமூட்டம் | பிப்ரவரி 16, இரவு 8:05
தாமதத்துக்கு மன்னிக்கவும், அப்பாவுக்கு உடம்பு சரியில்லை. மண் பிழிந்தால் தண்ணீர் சொட்டியது. சாக்கை எடுத்தோம், குடத்தை நிறுத்தினோம், ஓக்கில் கிளை கழித்தோம். இரண்டு கன்று போய்விட்டது. ஏழு நிற்கின்றன, நுனியில் மஞ்சள் திரும்பியிருக்கிறது. அப்பா நேற்று நாற்காலியை அங்கே போடச் சொன்னார். எல்லோருக்கும் நன்றி.

மிளகுக்கொடி | இரவு 8:50
நல்ல செய்தி. என் சாக்கு யோசனைக்கு மன்னியுங்கள். எத்தனை அடி உயரம் வரை கழித்தீர்கள்? கொடி இருக்கிற மரத்தையும் கழிக்கலாமா?