யூரோ டிரக் 2 மறுபடி இன்ஸ்டால் பண்ணணும் – சேவ், டிஎல்சி, மாட் எதுவும் போகக்கூடாது (அவசரம்)

வியாசை_வண்டி
அண்ணாங்களா, அவசரம். யூரோ டிரக் சிமுலேட்டர் 2 லோடிங் பாதியிலயே நின்னு வெளிய தள்ளுது. மொத்தமா அழிச்சிட்டு மறுபடி போடலாம்னு இருக்கேன். லெவல், கேரேஜ், டிரைவருங்க எல்லாம் அப்படியே வேணும். டிஎல்சி (கேமுக்கு தனியா விக்கிற கூடுதல் மேப், வண்டி) காசு குடுத்து வாங்கினது. பஸ் மாட் (ரசிகருங்க செஞ்சு விடற கூடுதல் ஃபைல்) நிறைய கீது. கேம் டி டிரைவ்ல தான் இருக்கு. எதை எதை காப்பி பண்ணணும்? நாளைக்குள்ள சொல்லுங்க.

மூலக்கடை_ஸ்டியரிங்
ஸ்டீம்ல (கேம் விக்கிற ஆப்) வாங்கினதா, டிவிடி வாங்கி ஸ்டீம்ல கோடு போட்டதா, இல்ல வேற எதுனாவா? ப்ரொஃபைலுக்கு ஸ்டீம் கிளவுட் (சேவை நெட்ல வைக்கிறது) டிக் போட்டிருக்கியா? மாட் ஒர்க்ஷாப்ல (ஸ்டீமோட மாட் பக்கம்) சப்ஸ்கிரைப் பண்ணதா, வெளிய டவுன்லோட் பண்ணி போட்டதா? கேம் எந்த வெர்ஷன்? இந்த நாலும் தெரியாம யார் சொன்னாலும் அது குத்துமதிப்பு தான்.

பெரம்பூர்_லோகோ
ஆன்டிவைரஸ் வேலையா இருக்கும் ப்ரோ. விண்டோஸ் செக்யூரிட்டில ரான்சம்வேர் பாதுகாப்புன்னு ஒன்னு இருக்கு. அதுல ஃபோல்டர் கட்டுப்பாடு ஆன்ல இருந்தா விண்டோஸ் நம்பாத கேம் டாக்குமென்ட்ஸ்ல எழுத முடியாது. அனுமதிப் பட்டியல்ல கேமோட எக்ஸிஈ ஃபைலைச் சேர்த்துப் பாருங்க.

கொருக்குப்பேட்டை_கிளட்ச்
அது சேவ் ஆகாம போறதுக்குக் காரணம். லோடிங்ல வெளிய தள்றதுக்கு மாட் தான் காரணமா இருக்கும். கேம் அப்டேட் ஆகியிருக்கும், பஸ் மாட் பழைய வெர்ஷனுக்கு செஞ்சதா இருக்கும். ரீஇன்ஸ்டால் பண்ணி அதே மாடை திரும்பப் போட்டா அதே இடத்துல தான் நிக்கும். டாக்குமென்ட்ஸ்ல கேம் ஃபோல்டருக்குள்ள மாட்னு ஒரு ஃபோல்டர் இருக்கும். அதோட பேரை மட்டும் மாத்திட்டு, புதுசா ஒரு சோதனை ப்ரொஃபைல் போட்டு ஓட்டிப் பாரு. பழைய ப்ரொஃபைலைத் தொடாத. மாட் இல்லாம அதைத் திறந்தா பஸ் காணாமப் போன நிலையில ஆட்டோசேவ் விழுந்துடும்.

அதே இடத்துல கேம் லாக்னு ஒரு டெக்ஸ்ட் ஃபைல் இருக்கும். நோட்பேட்ல திறந்து கடைசி இருபது வரியைப் போடு. எர்ரர்னு வர்ற வரியில எந்த மாட்னு பெரும்பாலும் பேரே இருக்கும்.

ராயபுரம்_டாப்கியர் (மூத்த உறுப்பினர்)
இதே கேள்வி இங்க வாரத்துக்கு ஒன்னு வருது. தேடல் பெட்டியில மூணு எழுத்து தட்டினா பதில் கிடைக்கும். "கேம் டி டிரைவ்ல இருக்கு"ன்னு எழுதியிருக்கீங்க. அதுக்கும் உங்க சேவுக்கும் சம்பந்தமே கிடையாது. கேம் எங்க இருக்கு, சேவ் எங்க இருக்குன்னு பிரிச்சுப் பார்க்கத் தெரியாம அழிக்கக் கிளம்புறவங்க தான் அப்புறம் இங்க வந்து அழறாங்க. முதல்ல மூலக்கடை கேட்டதுக்குப் பதில் சொல்லுங்க.

மூலக்கடை_ஸ்டியரிங்
பையன் அவசரத்துல இருக்கான், விடுங்க சார்.

வியாசை_வண்டி
ஸ்டீம் தான்ணா. கிளவுட் டிக் இருக்கா இல்லையா தெரியல. மாட் ரெண்டு வகையும் இருக்கு. சொல்ல மறந்துட்டேன், நாளைக்கு சாயந்திரம் மின்ட் பக்கத்துல ஒரு கடையில சிபியு குடுக்கறேன், விண்டோஸ் ஃபார்மட் பண்ணி புது எஸ்எஸ்டி போடறாங்க. டி டிரைவைத் தொட மாட்டாங்களாம்.

கொருக்குப்பேட்டை_கிளட்ச்
இதைத் தானே தம்பி முதல் வரியில சொல்லியிருக்கணும்! கேமை அழிச்சுப் போடறது வேற, விண்டோஸையே தூக்கறது வேற. ஸ்டீம்ல கேமை மட்டும் அன்இன்ஸ்டால் பண்ணா டாக்குமென்ட்ஸை அது தொடாது, சேவும் மாட் ஃபோல்டரும் அப்படியே நிக்கும். சி டிரைவை ஃபார்மட் பண்ணா ரெண்டுமே காலி.

மூலக்கடை_ஸ்டியரிங்
சரி, இப்போ விஷயம் தெளிவாச்சு. சிபியு கடைக்குப் போறதுக்கு முன்னாடியே இதை முடிச்சிடு. கடைக்காரங்க கிட்ட "சேவ் மட்டும் எடுத்து வைங்க"ன்னு சொல்லிப் பிரயோஜனம் இல்ல, அவங்க டெஸ்க்டாப்பும் போட்டோவும் தான் எடுப்பாங்க.

முதல் இடம் டாக்குமென்ட்ஸ். அதுல "யூரோ டிரக் சிமுலேட்டர் 2"னு இருக்கிற ஃபோல்டரை மொத்தமா காப்பி பண்ணு, பொறுக்கி எடுக்காத. உள்ள ப்ரொஃபைல்ஸ்னு ஒன்னு இருக்கும், கிளவுட் இல்லாத ப்ரொஃபைல் அதுல தான். ஃபோல்டர் பேர் உன் பேராவே இருக்காது, நம்பரா இருக்கும், நடுவுல இங்கிலீஷ் எழுத்தும் வரலாம். இங்கிலீஷ் பெரிய எழுத்துல குருன்னு (GURU) ப்ரொஃபைல் பேர் வெச்சிருந்தா 47555255னு வரும், ஒவ்வொரு எழுத்துக்கும் ரெண்டு இலக்கம். குப்பைன்னு நினைச்சு அழிச்சிடாத. வெர்ஷன் நம்பரோட "பேக்"னு முடியற ப்ரொஃபைல் ஃபோல்டர் இருந்தா அதையும் எடு. பெரிய அப்டேட் வரும்போது கேமே எடுத்து வெச்ச பழைய நகல் அது.

ரெண்டாவது இடம் தான் எல்லாரும் கோட்டை விடறது. கிளவுட் டிக் போட்டிருந்தா உண்மையான சேவ் டாக்குமென்ட்ஸ்ல இருக்காது. ஸ்டீமை நிறுவின ஃபோல்டர்ல யூசர்டேட்டா, அதுக்குள்ள உன் அக்கவுண்ட் நம்பர், அதுக்குள்ள 227300, அதுக்குள்ள ரிமோட், அதுக்குள்ள ப்ரொஃபைல்ஸ். 227300 தான் இந்த கேமோட ஸ்டீம் நம்பர். கேம் டி டிரைவ்ல இருந்தாலும் ஸ்டீம் சி டிரைவ்ல இருந்தா யூசர்டேட்டாவும் சி-ல தான். டி-யைத் தொடலன்னாலும் கம்ப்யூட்டர்ல இருக்கிற சேவ் போயிடும். கேமும் சேவும் வேற வேற இடம்னு டாப்கியர் சார் சொன்னது இதைத் தான். டாக்குமென்ட்ஸ்ல ஸ்டீம் ப்ரொஃபைல்ஸ்னு தனியா ஒன்னு இருக்கும், அதுல கன்ட்ரோல் செட்டிங் தான் இருக்கும். வீல் வெச்சிருந்தா அதையும் விடாத, இல்லன்னா எல்லா பட்டனையும் திரும்ப செட் பண்ணணும்.

மூணாவது மாட். வெளிய எடுத்தது டாக்குமென்ட்ஸ் மாட் ஃபோல்டர்ல எஸ்சிஎஸ் ஃபைலா இருக்கும், முதல் காப்பியிலயே வந்துடும். ஒர்க்ஷாப் மாட், கேம் இருக்கிற டிரைவ்ல ஸ்டீம்ஆப்ஸ், ஒர்க்ஷாப், கன்டென்ட், 227300-க்குள்ள. சப்ஸ்கிரிப்ஷன் அக்கவுண்ட்ல இருக்கறதால அது தானா இறங்கும். ஆனா செஞ்சவரே ஒர்க்ஷாப்ல இருந்து எடுத்துட்டா திரும்ப வராது, அதனால ஒரு நகல் எடுத்து வை. அந்த நகலை மாட் ஃபோல்டர்ல போட்டா கேம் அதைப் புது மாடா தான் பார்க்கும், மாட் மேனேஜர்ல மறுபடி ஆன் பண்ணணும். எந்த வரிசையில எந்த மாட் மேல, எது கீழன்னு மேனேஜர் திரையை இன்னைக்கே போட்டோ எடுத்துக்க. மேல இருக்கறதுக்குத் தான் முன்னுரிமை.

டிஎல்சிக்குப் பயப்படாத. வாங்கினது அக்கவுண்ட்டோட ஒட்டினது, ஃபைல் போனாலும் உரிமை போகாது.

தண்டையார்பேட்டை_கேபிள்
பென்டிரைவ்ல எடுக்கறதா இருந்தா ஒரு விஷயம். அது எஃப்ஏடி32 (பழைய ஃபார்மட் வகை)ல இருந்தா 4 ஜிபிக்கு மேல ஒரே ஃபைலை ஏத்துக்காது. பெரிய மேப் மாட் பாதியில நிக்கும், கவனிக்காம விட்டா அது மட்டும் வராது. எக்ஸ்ஃபேட் ஃபார்மட்டுக்கு மாத்திட்டு காப்பி பண்ணு. முடிஞ்சதும் ரெண்டு பக்கமும் ப்ராப்பர்டீஸ் திறந்து ஃபைல் எண்ணிக்கையும் பைட்டும் ஒன்னா இருக்கான்னு பாரு. ரிச்சி ஸ்ட்ரீட்ல வாங்கின பேர் தெரியாத பென்டிரைவ் மேல மட்டும் நம்பிக்கை வைக்காத. டி டிரைவ்ல ஒன்னு, பென்டிரைவ்ல ஒன்னுன்னு ரெண்டு நகல் வை.

எண்ணூர்_எக்ஸ்பிரஸ்
எதுக்கு இவ்ளோ கஷ்டம்? ஒன்டிரைவ் ஆன் பண்ணா டாக்குமென்ட்ஸ் தானா மேல ஏறிடும். புது விண்டோஸ்ல லாகின் பண்ணா எல்லாம் வந்துடும்.

ராயபுரம்_டாப்கியர் (மூத்த உறுப்பினர்)
ஒன்டிரைவ் இலவசக் கணக்குல 5 ஜிபி தான். ரெண்டு மேப் மாட் போட்டா நிறைஞ்சிடும், அதுக்கு மேல ஏறவே ஏறாது. யூசர்டேட்டா ஃபோல்டரை அது தொடறதே இல்ல. விளையாடிட்டிருக்கும்போது அது ஒத்திசைக்கப் போனா ஃபைல் மோதும், கம்ப்யூட்டர் பேரோட ரெண்டாவது நகல் வரும். இடம் மிச்சம் பண்றேன்னு ஃபைலை மேல மட்டும் வெச்சுட்டு இங்க வெறும் குறியீட்டை விட்டுடும். அந்த நேரத்துல நெட் இல்லன்னா கேமுக்கு ஃபைல் கிடைக்காது. டிரக் கேம் ஃபோல்டரை ஒன்டிரைவ்ல விடவே கூடாது.

எண்ணூர்_எக்ஸ்பிரஸ்
எல்லாருக்கும் அப்படி ஆகாது சார். காசு கட்டினவங்களுக்கு 5 ஜிபி இல்லையே. குறியீடா இருக்கற ஃபோல்டரை ரைட் கிளிக் பண்ணி "எப்பவும் இந்தக் கம்ப்யூட்டர்ல வை"ன்னு குடுத்தா முழுசா இறங்கிடும்.

தண்டையார்பேட்டை_கேபிள்
ஃபோல்டரையே டி டிரைவுக்கு மாத்திட்டா இந்தச் சண்டையே வேணாம். எம்கேலிங்க் கட்டளைல ஜங்ஷன் (பழைய இடத்துல இருந்து புது ஃபோல்டருக்குக் கை காட்டற இணைப்பு) போட்டுட்டா போதும்.

ராயபுரம்_டாப்கியர் (மூத்த உறுப்பினர்)
ஜங்ஷன் தேவையில்ல. ஸ்டீம்ல கேமோட லாஞ்ச் ஆப்ஷன்ல ஹோம்டிர்னு குடுத்து டி டிரைவ் பாதையை எழுதினா கேமே அங்க போய் ஃபோல்டர் போட்டுக்கும். முன்னாடி ஒரு சின்ன கோடு (-), அப்புறம் homedir எல்லாம் சின்ன எழுத்து, ஒரு இடைவெளி விட்டு பாதை. ஜங்ஷன் விண்டோஸை மாத்தினா போயிடும், ஒவ்வொரு தடவையும் திரும்பப் போடணும்.

தண்டையார்பேட்டை_கேபிள்
லாஞ்ச் ஆப்ஷனும் புது விண்டோஸ்ல திரும்ப எழுத வேண்டியது தானே சார். மறந்துட்டா கேம் காலி ப்ரொஃபைலோட திறக்கும், சேவ் போச்சுன்னு பயந்துடுவாங்க. ஜங்ஷன்ல கேமுக்கு எதுவும் தெரியவே வேணாம்.

கொருக்குப்பேட்டை_கிளட்ச்
ரெண்டும் வேலை செய்யும். கேட்டவனுக்கு நாளைக்கு சாயந்திரம் வரைக்கும் தான் நேரம். திரும்பப் போடறது எப்படின்னு யாராவது சொல்லுங்க.

ராயபுரம்_டாப்கியர் (மூத்த உறுப்பினர்)
சொல்றேன், வரிசை மாறக்கூடாது. கேமை முதல்ல திறந்து பார்த்துட்டு அப்புறம் ஃபைல் போடலாம்னு நினைக்காதீங்க, பாதிப் பேர் சேவ் போறது அங்க தான்.

ஃபார்மட் முடிஞ்சு வந்ததும் ஸ்டீமை நிறுவி லாகின் பண்ணுங்க. செட்டிங்ஸ்ல ஸ்டோரேஜுக்குப் போய் டி டிரைவ்ல இருக்கிற பழைய லைப்ரரியைச் சேருங்க. ஸ்டீம்ஆப்ஸ் ஃபோல்டர்ல 227300 நம்பரோட ஆப்மேனிஃபெஸ்ட் ஃபைல் அப்படியே இருந்தா, கேம் இன்ஸ்டால் ஆனதாவே காட்டும். மறுபடி டவுன்லோட் வேண்டாம். எல்லா மேப் டிஎல்சியும் சேர்ந்தா 20 ஜிபி தாண்டும், அது மிச்சம். அப்புறம் ப்ராப்பர்டீஸ்ல ஃபைல் சரிபார்ப்பு ஓட்டுங்க. அது கேம் ஃபைலை மட்டும் தான் பார்க்கும், மாட் ஃபோல்டரைத் தொடாது. அங்கயே டிஎல்சி பட்டியல்ல எல்லாத்துக்கும் டிக் இருக்கான்னு பாருங்க. ஸ்காண்டிநேவியால வண்டியை நிறுத்திட்டு, அந்த டிஎல்சி இறங்கறதுக்குள்ள சேவைத் திறந்தா வண்டியை வேற ஊருக்குத் தூக்கிப் போட்டுடும், எடுத்த லோடும் போகும். அதுக்கு மேல ஆட்டோசேவ் விழுந்தா அது தான் உங்க சேவ்.

அடுத்து கேமுக்கு கிளவுடை ப்ராப்பர்டீஸ்ல ஆஃப் பண்ணுங்க. டாக்குமென்ட்ஸ் ஃபோல்டரைத் திரும்ப வைங்க. கிளவுட் ப்ரொஃபைலா இருந்தா ரிமோட்ல இருந்து எடுத்த அந்த நம்பர் ஃபோல்டரை டாக்குமென்ட்ஸ்ல ப்ரொஃபைல்ஸ்க்குள்ள வெச்சா சாதாரண ப்ரொஃபைலாத் தெரியும். அப்புறம் தான் கேமைத் திறக்கணும். எல்லாம் சரியா இருந்தா பிறகு கிளவுடை ஆன் பண்ணிக்கலாம். ரெண்டு நகல்ல எது வேணும்னு ஸ்டீம் கேட்டா, தேதியும் நேரமும் படிச்சுட்டு அழுத்துங்க.

பெரம்பூர்_லோகோ
ஸ்டீமையே அன்இன்ஸ்டால் பண்ணிடாதீங்கன்னும் சொல்லிடுங்க. அது போகும்போது தன்னோட ஃபோல்டர்ல இருக்கிற ஸ்டீம்ஆப்ஸையும் சேர்த்து எடுத்துட்டுப் போயிடும்.

கொருக்குப்பேட்டை_கிளட்ச்
எல்லா மாடையும் ஒரே தடவையில ஆன் பண்ணாத. மேப் முதல்ல, அப்புறம் பஸ் ஒவ்வொன்னா. பழைய வெர்ஷனுக்கு செஞ்ச பஸ் தான் முக்கியம்னா, ப்ராப்பர்டீஸ்ல பீட்டா பட்டியல்ல பழைய வெர்ஷன் நம்பர் இருக்கும், அதைத் தேர்ந்தெடுத்தா கேம் அந்த வெர்ஷனுக்கு இறங்கும். ஆனா புது வெர்ஷன்ல சேவ் பண்ணதைப் பழைய வெர்ஷன்ல திறக்க முடியாது. அதுக்கு முன்னாடி எடுத்த "பேக்" நகல் தான் வேணும்.

வியாசை_வண்டி
எல்லாம் வந்துடுச்சுணா. கிளவுட் டிக் இருந்துது, சேவ் யூசர்டேட்டால தான் இருந்துது. ஒரு பஸ் ஆன் பண்ணா மட்டும் பழைய மாதிரி வெளிய தள்ளுது. அந்த பஸ்ல தான் சேவ் நிக்குது. அதை எடுத்துட்டா என்னா ஆகும்?

கொருக்குப்பேட்டை_கிளட்ச்
பஸ் போகும், லெவலும் கேரேஜும் பணமும் நிக்கும். முதல்ல ப்ரொஃபைலை இன்னொரு நகல் எடு. அந்த மாடை ஆஃப் பண்ணி லோட் பண்ணு, மாட் இல்லைன்னு எச்சரிப்பு வரும், சரின்னு குடு. டீலர் கிட்ட வேற வண்டி வாங்கிட்டு கையால புது சேவ் போடு. பஸ் செஞ்சவர் உன் வெர்ஷனுக்கு அப்டேட் விட்டிருக்காரான்னு பாரு. விட்டிருந்தா ஃபைல் பேரை மாத்தாம அதே இடத்துல வெச்சுட்டு, எடுத்து வெச்ச நகல்ல இருந்து ஆரம்பி, பஸ்ஸோடயே திறக்கும்.

மூலக்கடை_ஸ்டியரிங்
லாக்ல அந்த பஸ் பேர் வர்ற வரியையும் போடுப்பா, சவுண்ட் ஃபைலா மாடலான்னு பார்த்துடலாம்.