ஒருவர் நடிக்கும் பாண நாடகம்: மேடையில் இல்லாதவர்களை எப்படிக் காட்டுவது?

வரருசியின் பெயரால் வழங்கும் 'உபயாபிசாரிகா' என்னும் சமஸ்கிருத அங்கத நாடகத்தைத் தமிழில் மேடையேற்றும் முயற்சியில் எங்கள் குழு ஓரிடத்தில் முட்டி நிற்கிறது. 1922-இல் 'சதுர்பாணி' என்று அச்சேறிய நான்கு பாணங்களுள் இதுவும் ஒன்று. ஊடிப் பிரிந்த குபேரதத்தனையும் நாராயணதத்தையையும் சேர்த்துவைக்கப் புறப்படும் விடன் (காதலருக்குத் தூது போகும், பேச்சில் வல்ல உல்லாசப் பேர்வழி), பாடலிபுத்திரத்துக் கணிகையர் வீதியில் எதிர்ப்படுவோரிடமெல்லாம் வாயாடிக்கொண்டே போகிறான். அவன் போய்ச் சேர்வதற்குள் காதலர் தாங்களே கூடிவிடுகின்றனர்.

விடனைத் தவிர எவரும் மேடைக்கு வருவதில்லை. "என்ன சொல்கிறாய்?" என்று வெளியைப் பார்த்துக் கேட்டு, மறுமொழியையும் அவனே சொல்ல வேண்டும். ஒத்திகை பார்த்தவர்களுக்குப் பாதிக்கு மேல் யார் பேசுவது என்றே புரியவில்லை. துறவினி விலாசகௌண்டினியோடு வைசேடிகத் தத்துவம் உலகைப் பகுக்கும் பொருள், குணம் முதலான பதார்த்தங்களை வைத்து அவன் சிலேடையாடும் பகுதி, இத்தனைக்கும் நாடகத்தின் மிகக் கூர்மையான இடம், முற்றிலும் சிதறிவிடுகிறது.

பார்வைத் திசையை மாற்றினோம். மேடையில் ஒவ்வொருவருக்கும் ஓரிடம் குறித்தோம். பதில்களைப் பின்னணிக் குரலில் ஒலிக்கவிட்டபோது பாணத்தின் இயல்பே போய்விட்டது. குரலை மாற்றிப் பேசினால், சொல்வன்மை மிக்க கணிகையர் வெறும் கேலிச்சித்திரமாகிவிடுகின்றனர். நடிகர் ஒருவர், சிறிய அரங்கு, திரையோ இசைக்குழுவோ இல்லை.

குரலை மாற்றாமல், உடலசைவாலும் பேச்சின் நடையாலும் மட்டுமே எதிராளியை அவையோருக்குத் தெளிவாக உணர்த்த எந்த உத்தி உங்களுக்குக் கைகொடுத்தது?