லாம்போவில் நேரில் பார்த்த ஆட்டம்: தோற்ற கதையானாலும் சொல்லுங்கள்

ஆப்பிள்டன்வாசி

லாம்போ, நம் அமெரிக்கக் கால்பந்து டீம் கிரீன் பே பேக்கர்ஸின் சொந்த மைதானம். அங்கே நான் நேரில் போன ஒரே பிளேஆஃப் (லீக் ஆட்டங்கள் முடிந்தபின் வரும், தோற்றால் வெளியேறும் ஆட்டம்), 2022 ஜனவரி 22 சான் பிரான்சிஸ்கோ நைனர்ஸ் ஆட்டம். என்ன நடந்தது என்று இங்கே யாருக்கும் சொல்ல வேண்டியதில்லை. அந்த சீசன் லீக் ஆட்டங்களில் சொந்த மைதானத்தில் 8க்கு 8 வெற்றி. டிக்கெட் கொடுத்த ஆபீஸ் நண்பர், "தைரியமாகப் போ, இந்த வருஷம் இங்கே வந்து எவனும் ஜெயித்ததில்லை" என்று சொல்லித்தான் அனுப்பினார்.

நம் பன்ட்டை (எதிரணிப் பக்கம் பந்தைத் தூரமாக உதைத்துவிடுவது) நைனர்ஸ் தடுத்ததும், அவர்களுடைய ஹுஃபாங்கா அதை எடுத்துக்கொண்டு ஓடியதும் வீடியோவில் எத்தனை முறை பார்த்தேனோ தெரியாது. நேரில் பார்த்தது எது, வீடியோவில் பார்த்தது எது என்று இப்போது பிரிக்க முடியவில்லை. எனக்கு உறுத்துவது அது இல்லை. கடைசி 4 விநாடி.

என் பக்கத்தில் ஒரு பாட்டி. எழுபதுக்கு மேல் இருக்கும். மான் வேட்டைக்குப் போகிறவர்கள் போடும் ஆரஞ்சு ஜாக்கெட், அதன் மேல் பனி படிந்து தோள் இரண்டும் வெள்ளை. இரவு முழுக்க மொத்தமாகப் பத்து வார்த்தை பேசியிருப்பார். 10-10. நைனர்ஸின் கூல்ட் 45 கஜத்திலிருந்து ஃபீல்டு கோல் (கம்பங்களுக்கு நடுவே உதைத்தால் 3 புள்ளி) உதைக்க நிற்கிறார். எல்லாரும் தொண்டை கிழியக் கத்துகிறோம். பாட்டி மட்டும் கையுறைக் கையை நீட்டி ஒன்று, இரண்டு, மூன்று என்று சத்தமாக எண்ணுகிறார். பத்து வந்ததும் நிறுத்திவிட்டு என்னைத் திரும்பிப் பார்த்தார். நான் ஏதோ வேண்டுதல்போல என்று நினைத்துத் தலையாட்டி வைத்தேன். பந்து உள்ளே போய்விட்டது. 13-10, தோற்றோம்.

மறுநாள் காலையில் செய்தி படிக்கிறேன்: அந்த உதைக்கு பேக்கர்ஸ் பக்கம் களத்தில் நின்றது 10 பேர்தானாம். இட்லித் தட்டைக் கையில் வைத்துக்கொண்டு அப்படியே நின்றுவிட்டேன். அவர் பதினொன்றாவது ஆளைத் தேடியிருக்கிறார்.

நான் கேட்டிருந்தால் மட்டும் ஒன்றும் ஆகியிருக்காது. தெரியும். இருந்தாலும் இதைவிட்டு மனசு நகர மாட்டேன் என்கிறது. உங்களுக்கும் இப்படி ஏதாவது இருந்தால் எழுதுங்கள்.

மில்வாக்கி மாமி

எனக்கு ஆட்டமே தெரியாது, முதலிலேயே சொல்லிவிடுகிறேன். எங்கள் வீட்டுக்காரருடன் வேலை செய்தவர் டிக்கெட்டை வைத்துக்கொண்டு காய்ச்சலில் படுத்துவிட்டார். அப்படிக் கிடைத்ததுதான் 2008 ஜனவரி 20, நியூயார்க் ஜயன்ட்ஸ் ஆட்டம். ஃபாரன்ஹீட்டில் பூஜ்யத்துக்கும் ஒன்று கீழே. நம் கணக்கில் மைனஸ் 18. பீர் கோப்பையின் ஓரத்தில் ஐஸ் கட்டுகிறது. ஜயன்ட்ஸ் கோச் முகத்தைப் பெரிய திரையில் காட்டும்போதெல்லாம் பீட்ரூட் மாதிரி சிவந்திருந்தது, பார்க்கவே பாவமாக இருந்தது.

ஒரு விஷயம் அன்றைக்குத்தான் கவனித்தேன். கையுறை போட்டுக்கொண்டு கைதட்டினால் சத்தமே வராது. எழுபதாயிரம் பேர் தட்டினாலும் தலையணையை அடிக்கிற மாதிரிதான். அதனால் எல்லாரும் வாயால் கத்துகிறார்கள், அலுமினிய பெஞ்சைப் போட்டு அடிக்கிறார்கள்.

ஜயன்ட்ஸில் அந்த உதைக்கிற பையன், டைன்ஸ், ஏற்கனவே இரண்டைத் தவறவிட்டுவிட்டான். இரண்டாவது தவறியபோது முன்பின் தெரியாத ஒருவர் என்னைக் கட்டிப்பிடித்துத் தூக்கிவிட்டார்! ஓவர்டைமில் நம் பக்கம் பந்து எறிகிற ஃபார்வ் எறிந்ததை ஜயன்ட்ஸ் பிடித்தார்கள். டைன்ஸ் மூன்றாவது முறை வந்தான். 47 கஜம். உள்ளே போய்விட்டது. கொண்டாடக்கூட நிற்கவில்லை, குளிர் தாங்காமல் உதைத்த கையோடு உள்ளே ஓடியே போய்விட்டான். எனக்கு அதைப் பார்த்துச் சிரிப்பு வந்துவிட்டது.

அந்த நிமிஷம் ஸ்டேடியம் முழுக்க ஊமை. என் சிரிப்பு மட்டும் கேட்டது. என்னைத் தூக்கினாரே, அவர் திரும்பிப் பார்த்தார். கோபமாகக்கூடப் பார்க்கவில்லை. வேறு யாரையோ பார்ப்பதுபோலப் பார்த்தார். எத்தனையோ வருஷம் ஆகிவிட்டது, அந்தப் பார்வை போகவில்லை. நான் ஆட்டத்துக்குச் சிரிக்கவில்லை சார், அந்தப் பையன் ஓடினதுக்குச் சிரித்தேன் என்று யாரிடம் சொல்வது?

கணக்குப்பிள்ளை

தலைப்பைப் பார்த்தால் ஏதோ லாம்போவில் தோற்பது அதிசயம் மாதிரி இருக்கிறது. அது பழைய கதை. 2001 சீசன் வரைக்கும் சொந்த மண்ணில் பிளேஆஃப் 13 ஆட்டம், 13 வெற்றி, உண்மைதான். (அதில் 2 மில்வாக்கியில் ஆடியது, அதையும் லாம்போ கணக்கில் சேர்ப்பவர்கள் உண்டு.) 2003 ஜனவரி 4 அன்று பனி கொட்டும்போது அட்லாண்டா டீமோடு மைக்கேல் விக் வந்தார். பாதி ஆட்டத்திலேயே அவர்களுக்கு 24-0. கடைசியில் 27-7. அந்த வருஷமும் லீகில் சொந்த மைதானத்தில் 8க்கு 8, கவனியுங்கள்.

அன்று தொடங்கி 2022 நைனர்ஸ் ஆட்டம் வரை அங்கே 14 பிளேஆஃப். வெற்றி 7, தோல்வி 7. சுண்டிவிட்ட நாணயம் இதைவிட மோசமாகச் செய்யாது. ஆக "லாம்போவில் ஜெயிக்க முடியாது" என்பது செப்டம்பர் முதல் டிசம்பர் வரைக்கும்தான். ஜனவரிக்கு அது பொருந்தாது.

குளிர் நமக்குச் சாதகம் என்பதையும் விடுங்கள். மாமி சொன்ன ஆட்டம், 2014 ஜனவரியில் நைனர்ஸ் 23-20, ஆப்பிள்டன்வாசி பார்த்தது, எல்லாமே கடுங்குளிர். எல்லாம் தோல்வி. 1967 டிசம்பர் 31, மைனஸ் 25 டிகிரி செல்சியஸில் நடுவர்களின் விசில் உறைந்துபோய், 16 விநாடி மிச்சமிருக்கும்போது நம் பார்ட் ஸ்டார் தானே உள்ளே புகுந்து டல்லஸை 21-17 என்று ஜெயித்த அந்த ஒரு ஆட்டத்தின் நிழலில்தான் இன்னும் பேசிக்கொண்டிருக்கிறோம்.

என் அனுபவம்: 2004 ஜனவரி, சியாட்டில். ஓவர்டைம் டாஸ் ஜெயித்த சியாட்டிலின் ஹாசல்பெக், பந்து எங்களுக்கு, புள்ளி எடுக்கப்போவதும் நாங்கள்தான் என்று நடுவரின் மைக்கிலேயே சொன்னார். ஸ்டேடியம் முழுக்கக் கேட்டது. அப்புறம் நம் அல் ஹாரிஸ் அவர் எறிந்ததைப் பிடித்து 52 கஜம் ஓடி ஆட்டத்தையே முடித்தார், விரலைத் தூக்கிக்கொண்டே. அவ்வளவுதான்.

அண்ணாச்சி கிரீன் பே

கணக்குப்பிள்ளை தம்பி, அந்த அவ்வளவுதானை இன்னும் நாலு வரி எழுதியிருக்கலாம். கணக்குக்கு ஒரு பக்கம், அல் ஹாரிஸுக்கு ஒரு வரியா?

என்னுடையது சின்னக் கதை. ஒரு டிசம்பரில் பெரிய பனி. ஸ்டேடியத்தில் பனி வாரிக்கொட்ட ஊர்க்காரர்களைக் கூப்பிடுவார்கள், மணிக்கு இவ்வளவு என்று கூலி உண்டு. நானும் விடியற்காலையில் வரிசையில் நின்று போனேன். காலி ஸ்டேடியத்தில், நான் சுத்தம் செய்த வரிசையில் ஒரு ஒற்றைக் கையுறை, குழந்தையுடையது, ஐஸோடு பெஞ்சில் ஒட்டிக்கிடந்தது. பிய்த்தெடுத்து, கொடுக்க ஆள் இல்லாமல் வீட்டுக்கு எடுத்துவந்துவிட்டேன். இப்போதும் கராஜில் ஆணியில் தொங்குகிறது.

அது போகட்டும். ஜனவரியில் முதல்முறை போகிறவர்கள் இதைக் கேளுங்கள். குளிர் மேலிருந்து வராது, கீழிருந்து வரும். கால் கான்கிரீட்டில், உட்காருவது அலுமினியத்தில். அட்டைப்பெட்டியைப் பிரித்து ஒரு துண்டு எடுத்துப்போய்க் காலடியில் போடுங்கள். அது ஒன்றே பாதிக் குளிரைக் குறைக்கும். பூட்ஸ் ஒரு சைஸ் பெரிதாக இருக்கட்டும். இறுக்கமான பூட்ஸில் இரண்டு சாக்ஸைத் திணித்தால் ரத்தம் ஓடாது, விரல் முதலில் மரத்துப்போவது அதனால்தான். பருத்தி வேண்டாம். நடந்து போகும்போது வியர்க்கும், உட்கார்ந்ததும் அதுவே ஐஸ். கார் நிறுத்திய இடத்திலிருந்து ஜாக்கெட்டைத் திறந்துபோட்டு நடந்து, உள்ளே போனபின் ஜிப் போடுங்கள். போனை உள்சட்டைப் பையில் வையுங்கள், வெளியில் வைத்தால் இரண்டாவது குவார்ட்டரிலேயே செத்துவிடும், டிக்கெட்டும் அதில்தான் இருக்கும். சீக்கிரம் போய் உட்காருங்கள். பெஞ்சில் இடத்துக்கு ஒரு நம்பர்தான் போட்டிருக்கும், நாற்காலி கிடையாது. ஆளுக்கு நாலு உடுப்பு போட்டு வந்தால் பத்துப் பேர் இடத்தில் எட்டுப் பேர்தான் கொள்வார்கள். தாமதமாக வருகிறவர் படியில் நிற்க வேண்டியதுதான். புளியோதரை கட்டிக்கொண்டு போகிறவர்கள் காரிலேயே சாப்பிட்டுவிடுங்கள். உள்ளே விடவும் மாட்டார்கள், விட்டாலும் அது செங்கல்லாகிவிடும்.

மாமி, அந்த ஆளுக்கு நீங்கள் சிரித்தது ஞாபகமே இருக்காது. விடுங்கள்.

மேடிசன் பழைய மாணவன்

எல்லாரும் பிளேஆஃபையே பிடித்துக்கொண்டிருக்கிறீர்கள். லீக் ஆட்டங்களில் சொந்த மைதானத்தில் தொடர்ந்து 25 வெற்றி, 1995 முதல் 1998 வரை. அந்த 25 அறுந்த இரவில் நான் அங்கே இருந்தேன். 1998 அக்டோபர் 5, திங்கட்கிழமை, மழை, மினசோட்டா வைக்கிங்ஸ்.

அப்போது அவர்களுடைய ராண்டி மாஸ் புதுப்பையன். எத்தனை பேர் சுற்றி நின்றாலும் அவன் மட்டும் ஏணி மேல் நிற்பதுபோல எழும்பிப் பந்தை எடுத்தான். 5 கேட்ச், 190 கஜம், 2 டச் டவுன். ஸ்கோர் 37-24 என்று இருக்கிறது. அதை நம்பாதீர்கள், ஆட்டம் அவ்வளவு நெருக்கமே இல்லை. ஃபார்வை உட்கார வைத்துவிட்டு மாற்று ஆள் பீடர்சனை இறக்கினார்கள். எனக்கு உறைந்துபோன காட்சி அதுதான். நாலாவது குவார்ட்டர், மழையில் ஃபார்வ் ஹெல்மெட்டைக் கழற்றிவிட்டுத் தொப்பி போட்டுக்கொண்டு நிற்கிறார். எனக்கு முன்வரிசையில் அப்பாவும் பிள்ளையும். பையனுக்கு ஆறு வயது இருக்கும். "ஃபார்வ் ஏன் ஆடவில்லை?" என்று கேட்டான். அப்பாவிடம் பதில் இல்லை. அவன் பார்க்க வந்த நாளிலிருந்து அங்கே தோற்றதே கிடையாது, பாருங்கள். தோற்றால் என்ன செய்வது என்று அவனுக்குத் தெரியவில்லை. ஆட்டம் முடிந்த பிறகும், இன்னும் இருக்கிறது என்று சொல்லி எழுந்திருக்க மறுத்துவிட்டான்.

அடுத்த ஏப்ரலில் டிராஃப்டில் (புது ஆட்களைத் தேர்ந்தெடுப்பது) முதல் மூன்று சுற்றிலும், எறிகிற பந்தைத் தடுக்கும் பின்காப்பு ஆட்களையே நம் டீம் எடுத்தது. மாஸுக்குப் பயந்து என்று ஊரே பேசியது. ஒரு இரவு ஒரு டீமை எவ்வளவு ஆட்டிவிட்டது பாருங்கள்.

மயாமி வெயில்

25 இரண்டாம் இடம்தான் தெரியுமோ? 1971 முதல் 1974 வரை ஆரஞ்சு பௌல் மைதானத்தில் எங்கள் மயாமி டால்ஃபின்ஸ் தொடர்ந்து 27. அட்டையும் வேண்டாம், நாலு உடுப்பும் வேண்டாம். சும்மா சொல்லிவைத்தேன், அடிக்க வராதீர்கள். என் அனுபவம்: டிசம்பரில் லாம்போவுக்கு வந்தேன், இரண்டாவது குவார்ட்டரில் கழிவறைக்குப் போனவன் கை உலர்த்தும் மெஷின் பக்கத்திலேயே மூன்றாவது குவார்ட்டரையும் முடித்துவிட்டேன். அங்கே என்னோடு இன்னும் ஏழு பேர் நின்றார்கள், எல்லாரும் பேக்கர்ஸ் சட்டை.

கணக்குப்பிள்ளை

27 சரிதான், மறுக்கவில்லை. ஆனால் சொந்த மைதானம் என்பதற்கே இப்போது என்ன மதிப்பு? 2020இல் பெரும்பாலும் கூட்டமில்லாமல் ஆடியபோது மொத்த லீகிலும் சொந்த மைதான டீம்கள் 127 வெற்றி, 128 தோல்வி, ஒரு சமன். ஆளில்லாவிட்டால் மைதானம் வெறும் புல்தான். அந்த வருஷக் கடைசியில், 2021 ஜனவரியில், டாம்பா பேயிடம் 31-26 தோற்றதும் சில ஆயிரம் பேர் மட்டும் இருந்த லாம்போவில்தான். 8 புள்ளி பின்னால் இருந்துகொண்டு, இரண்டு நிமிஷம் மிச்சம் இருக்கும்போது நாலாவது டவுனில் (கடைசி முயற்சி) ஃபீல்டு கோல் உதைக்கச் சொன்ன முடிவைப் பற்றி நான் பேச மாட்டேன். பேசினால் இந்த இழை முடியாது.

ஆப்பிள்டன்வாசிக்கு ஒரு சந்தேகம். அந்தப் பனியில், அந்தத் தூரத்திலிருந்து, ஒருவர் மேல் ஒருவர் சாய்ந்து நிற்கிறவர்களை எண்ண முடியுமா? மறுநாள் செய்தியைப் படித்த பிறகு நீங்களே பத்து என்று சேர்த்துக்கொண்டீர்களோ? நினைவு அப்படிச் செய்யும். குறை சொல்லவில்லை.

மில்வாக்கி மாமி

தம்பி, பாட்டியை நம்பு. மாவு அரைக்கும்போது நான் எத்தனை ஆழாக்கு போட்டேன் என்று டிவி பார்த்துக்கொண்டே எண்ணுவேன். அண்ணாச்சி, அந்தக் குழந்தைக் கையுறை என்ன நிறம்?

அண்ணாச்சி கிரீன் பே

பச்சை, மாமி. கட்டைவிரல் மட்டும் மஞ்சள்.

ஆப்பிள்டன்வாசி

கணக்குப்பிள்ளை கேட்டது எனக்கும் தோன்றியதுதான். அதனாலேயே அந்த செப்டம்பரில், சிகாகோ பேர்ஸ் ஆட்டத்துக்குக் காசு கொடுத்துப் போனேன். 27-10, நாம் ஜெயித்த ஆட்டம். ஏறக்குறைய அதே உயரத்தில்தான் இடம். பனி இல்லை, நல்ல வெளிச்சம். முதல் ஃபீல்டு கோலுக்கு ஆட்கள் வந்து நின்றதும் கையை நீட்டி எண்ண ஆரம்பித்தேன். ஏழு வருவதற்குள் உதைத்துவிட்டார்கள். இரண்டாவதற்கு முன்கூட்டியே தயாராக இருந்தேன். ஒன்பது வந்தது, அதற்குள் நடுவில் இரண்டு பேர் குனிந்து மறைந்துவிட்டார்கள்.

பக்கத்தில் இருந்தவர், "என்ன எண்ணுகிறாய்?" என்று கேட்டார்.