ஹெல்த்லேக் எக்ஸ்போர்ட் ஜாப் எங்க போச்சுன்னே தெரியல, யாராச்சும் சொல்லுங்க

மாரத்தஹள்ளில ஒரு சின்ன கம்பெனில வேலை பாக்குறேன். ஒரு ஆஸ்பத்திரி பேஷன்ட் ரெக்கார்ட் எல்லாம் ஏடபிள்யூஎஸ் ஹெல்த்லேக்ல (அமேசான் கிளவுட்ல மருத்துவ டேட்டா வைக்கிற சர்வீஸ்) இருக்கு, மும்பை ரீஜன் (அவங்க டேட்டா சென்டர் இருக்குற இடம்). நேத்து சாயங்காலம் ஆபீஸ் லேப்டாப்ல இருந்து எஸ்3 பக்கெட்டுக்கு (அமேசான்ல ஃபைல் சேமிக்கிற இடம்) எக்ஸ்போர்ட் போட்டேன், ஜாப் ஐடியும் வந்துச்சு. இப்போ வீட்ல இருந்து ஜாப் நிலைமைய பாக்குற டிஸ்க்ரைப் கமாண்ட் போட்டா ரிசோர்ஸ் நாட் ஃபவுண்ட்ங்குது. மறுபடி ஸ்டார்ட் பண்ணவா? நோயாளிங்க டேட்டாங்கறதால தொடவே பயமா இருக்கு.

பதில் 1:
தயவு செஞ்சு மறுபடி போடாதீங்க தம்பி. வீட்டு லேப்டாப்ல டீஃபால்ட் ரீஜன் என்னன்னு முதல்ல பாருங்க, அது வர்ஜீனியாவா இருந்தா மும்பைல ஓடுற ஜாப் அங்க தெரியவே தெரியாது. கமாண்ட்லயே மும்பையோட கோடு ஏபி-சவுத்-1னு குடுங்க. இன்னொன்னு, டேட்டாஸ்டோர் (ஹெல்த்லேக்ல ரெக்கார்ட் எல்லாம் இருக்குற கிடங்கு) ஐடியும் ஜாப் ஐடியும் பாக்க ஒரே மாதிரிதான் இருக்கும், மாத்திப் போட்டாலும் இதே கதைதான். சந்தேகமா இருந்தா லிஸ்ட் எக்ஸ்போர்ட் ஜாப்ஸ் போட்டீங்கன்னா அந்த டேட்டாஸ்டோர்ல இதுவரை போட்ட ஜாப் எல்லாம் வரும்.

பதில் 2:
ஸ்டேட்டஸ்ல சப்மிட்டட், இன் ப்ராக்ரஸ்னு இருந்தா பேசாம காத்திருங்க. கம்ப்ளீட்டட் வித் எரர்ஸ்னு வந்தா முடிஞ்சதுன்னு கிளம்பிடாதீங்க, கூடவே வர்ற மெசேஜ் ஃபீல்டப் படிங்க. ஃபெயில்டுன்னா நான் முதல்ல பாக்குறது ஐஏஎம் ரோல்தான் (ஜாப் எதையெல்லாம் தொடலாம்னு சொல்ற அனுமதி), பக்கெட்ல எழுத பர்மிஷன் இருந்தும் கேஎம்எஸ் கீ (டேட்டாவ என்க்ரிப்ட் பண்ற சாவி) பர்மிஷன் விட்டுப்போயிருக்கும்.

பதில் 3:
கமாண்ட் இல்லாம ரெஸ்ட் வழியா (வெப் யூஆர்எல்ல கேக்குறது) டாலர் எக்ஸ்போர்ட்னு ($export) போடுறவங்களுக்கும் சொல்லிடறேன், ஸ்டேட்டஸ் யூஆர்எல்ல கேட்டா 202 வந்தா இன்னும் ஓடுது, 200 வந்தா முடிஞ்சுது. இந்த எக்ஸ்போர்ட்டுக்கான பல்க் டேட்டா ஸ்பெக்ல ரீட்ரை ஆஃப்டர் ஹெடர்னு ஒன்னு இருக்கு, சர்வர் அத அனுப்பினா அத்தனை செகண்ட் கழிச்சுதான் அடுத்து கேக்கணும், சும்மா லூப்ல அடிச்சா 429 (ரொம்ப கேக்குறீங்கன்னு அர்த்தம்) குடுக்கலாம்.

கேள்வி கேட்டவர்:
அக்கா, ரீஜன்தான்! வீட்ல வர்ஜீனியா செட் ஆகியிருந்துச்சு. மாத்தினதும் கம்ப்ளீட்டட்னு காட்டுது, உயிரே வந்துச்சு. ஃபைல டெலிவர் பண்ணிடலாமா?

பதில் 1:
கொஞ்சம் பொறுங்க தம்பி. எக்ஸ்போர்ட் ஃபைல் என்டிஜேசன் ஃபார்மட்ல வரும், அதுல ஒரு லைனுக்கு ஒரு ரிசோர்ஸ் (ஒரு ரெக்கார்ட்). பேஷன்ட் ஃபைல்கள்ல மொத்தம் எத்தனை லைன்னு எண்ணி, டேட்டாஸ்டோர்ல இருக்குற பேஷன்ட் எண்ணிக்கையோட ஒத்துப் பாருங்க, அப்புறம் அப்சர்வேஷனுக்கும் (டெஸ்ட் ரிசல்ட் மாதிரி பதிவுகள்) அதே மாதிரி. ஒருத்தரோட பிளட் ரிப்போர்ட் விட்டுப்போனாலும் அங்க டாக்டர் கைக்கு அது போகாது.