எம்.ஆர்.ஐ. எடுத்தாயிற்று, பிறகு எதற்கு இன்னொரு மூளை ஸ்கான்?

கேள்வி: வெள்ளவத்தை அம்மா

அனைவருக்கும் வணக்கம். என் மூத்த மகனுக்கு 19 வயது. 11 வயதிலிருந்து வலிப்பு இருக்கிறது. மருந்துகளை மாற்றி மாற்றிக் கொடுத்துப் பார்த்தும் மாதத்தில் 2 அல்லது 3 தடவை வந்துகொண்டே இருக்கிறது. சென்ற மாதம் எடுத்த எம்.ஆர்.ஐ. படத்தில், இடது நெற்றிப்பொட்டுக்கு உட்புறமாக மூளையில் ஒரு தழும்பு தெளிவாகத் தெரிகிறது என்றும், சத்திரசிகிச்சை செய்தால் பலன் கிடைக்கக்கூடும் என்றும் நரம்பியல் வைத்தியர் சொன்னார். ஆனால் அதற்கு முன்னர் எப்.எம்.ஆர்.ஐ. என்ற தொழிற்பாட்டுப் படமும், பெற் ஸ்கானும் எடுக்க வேண்டுமாம். தழும்பு இருக்கும் இடம் தெரிந்த பிறகும் இவை எதற்கு என்பதை அன்று அந்த நெரிசலில் கேட்டறிய முடியவில்லை. மகன் இடதுகைக்காரன். வீட்டில் தமிழ், படித்தது ஆங்கிலத்தில், நண்பர்களோடு சிங்களம். எந்த மொழியில் பரிசோதிப்பார்கள்?

இன்னொன்று: அவன் என்னிடம் தனியாக வந்து, "நான் யாரை நினைக்கிறேன் என்று டொக்டருக்குத் தெரிந்துவிடுமா?" என்று கேட்டான். சிரிப்பு வந்தது, ஆனால் எனக்கும் பதில் தெரியவில்லை.

பதில் 1: காந்தக்கூடம்

அக்கா, நான் எம்.ஆர்.ஐ. பிரிவில் வேலை செய்யும் ரேடியோகிராபர். வைத்தியர் அல்ல என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். சாதாரண எம்.ஆர்.ஐ. மூளையின் உருவத்தை மட்டுமே காட்டும். உயிர் பிரிந்த பின்னர் எடுத்தாலும் ஏறத்தாழ அதே படம்தான் வரும். தழும்பு எங்கே இருக்கிறது என்பதை அது சொல்லும்; ஆனால் உங்கள் மகனின் பேச்சு மூளையின் எந்தப் பக்கத்தில் குடியிருக்கிறது என்பதைச் சொல்லாது. வலதுகைக்காரர்களில் மிகப் பெரும்பாலானோருக்குப் பேச்சு இடது பக்கத்தில்தான் இருக்கும். இடதுகைக்காரர்களிலும் பெரும்பான்மையோருக்கு அப்படித்தான் என்றாலும், வலது பக்கத்திலோ இரு பக்கங்களிலுமோ இருப்பவர்கள் அவர்களில் கூடுதலாக உள்ளனர். சிறு வயதிலேயே இடது பக்கத்தில் வலிப்பு தொடங்கியிருந்தால் அந்த வாய்ப்பு இன்னும் கூடுகிறது. வெட்டப் போகும் இடமும் பேச்சின் இடமும் அருகருகே இருக்கின்றனவா என்று அறியாமல் எந்தச் சத்திரசிகிச்சை நிபுணரும் கத்தியை எடுக்கமாட்டார்.

எப்.எம்.ஆர்.ஐ.க்கும் இயந்திரம் அதேதான், பார்க்கும் பொருள்தான் வேறு. குருதியில் ஒட்சிசனைச் சுமப்பது ஈமோகுளோபின். ஒட்சிசனை இழந்த ஈமோகுளோபின் காந்தத்தால் சிறிதளவு ஈர்க்கப்படும், ஒட்சிசனோடு இருப்பது அப்படி ஈர்க்கப்படாது என்பதை லைனஸ் போலிங், சார்ள்ஸ் கொரியெல் என்ற விஞ்ஞானிகள் 1936 இலேயே கண்டிருந்தார்கள். இந்த வேறுபாட்டைக் கொண்டே மூளையின் உழைப்பைப் படமெடுக்கலாம் என்று 1990 இல் செய்ஜி ஒகாவா எலிகளில் காட்டினார். 1992 இல் மனிதர்களிலும் அது செய்யப்பட்டது. மூளையின் ஒரு பகுதி வேலை செய்யும்போது, அது செலவழிப்பதைவிடக் கூடுதலான ஒட்சிசனைச் சுமந்துகொண்டு குருதி அங்கே பாய்கிறது. ஆகவே அந்த இடத்தில் ஒட்சிசன் இழந்த ஈமோகுளோபினின் பங்கு குறைந்து, சமிக்ஞை சற்றே உயர்கிறது. உயர்வு பெரும்பாலும் ஒரு சில சதவீதம்தான். அதனால்தான் திரையில் காட்டும் எழுத்தில் தொடங்கும் சொற்களை 30 செக்கன் நினைக்கச் சொல்லி, 30 செக்கன் சும்மா இருக்கச் சொல்லி, இதையே பல முறை செய்து, பின்னர் ஒன்றிலிருந்து மற்றதைக் கழிக்கிறோம். அறிக்கையில் நீங்கள் பார்க்கப்போகும் சிவப்பும் மஞ்சளும் மூளையின் நிறம் அல்ல. அந்தக் கழித்தல் கணக்கின் விடைக்குக் கணினி பூசிய வர்ணம்.

மகனின் கேள்விக்கு என் பதில் இதுதான். தாடை அசைந்தால் தலையும் அசைந்து படம் கெட்டுவிடும் என்பதால், சொற்களை வாய்க்குள்ளேயே சொல்லச் சொல்வோம். அவன் "கத்தரிக்காய்" என்று நினைத்தானா "கப்பல்" என்று நினைத்தானா என்பது கண்ணாடிக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்திருக்கும் எனக்குத் தெரியவே தெரியாது. அவன் ஒத்துழைக்காமல் மதியச் சாப்பாட்டைப் பற்றி யோசித்துக்கொண்டு படுத்திருந்தால், படம் மங்கலாக வந்திருக்கிறது என்பது மட்டுமே எனக்குத் தெரியும்.

பதில் 2: கொழும்பு ஆய்வு மாணவி

மேலே எழுதிய அண்ணா சொன்னதோடு உடன்படுகிறேன். படத்தில் உள்ள ஒவ்வொரு சிறு கட்டமும் ஏறத்தாழ 3 மில்லிமீற்றர் அளவானது. அதற்குள் பல இலட்சம் நரம்புக்கலங்கள் இருக்கின்றன. நரம்புக்கலங்களின் பேச்சு மில்லிசெக்கன்களில் நடந்து முடிகிறது, குருதியோட்டமோ உச்சத்தை அடைய 5 அல்லது 6 செக்கன் எடுக்கிறது. நேரத்தைத் துல்லியமாகப் பிடிக்க வேண்டுமானால், ஹான்ஸ் பெர்கர் 1924 இல் முதன்முதலாக மனிதரில் பதிவுசெய்த ஈ.ஈ.ஜி. (தலையில் கம்பிகளைப் பொருத்தி மூளையின் மின்னலைகளைப் பதிவது) முறையே இன்றும் கைகொடுக்கிறது. ஆனால் இடத்தை அது அவ்வளவு நுட்பமாகச் சொல்லாது.

எண்ணங்களை வாசிக்கும் முயற்சிகள் ஆய்வுகூடங்களில் நடப்பது உண்மைதான். 2023 இல் டெக்சஸ் பல்கலைக்கழக ஆய்வாளர்கள், எப்.எம்.ஆர்.ஐ. பதிவுகளிலிருந்து ஒருவர் கேட்டுக்கொண்டிருந்த கதையின் பொருளை ஓரளவு மீட்டெடுத்தார்கள். அதற்கு ஒவ்வொருவரும் முன்னதாக ஏறத்தாழ 16 மணித்தியாலம் இயந்திரத்துக்குள் கதை கேட்க வேண்டியிருந்தது. ஒருவருக்காகப் பயிற்றிய கணினி மற்றவருக்குப் பயன்படவில்லை. வேண்டுமென்றே வேறொன்றை நினைத்தவரிடமும் அது தோற்றுப்போனது. தம்பி பயப்படத் தேவையில்லை.

இந்தத் துறை தன்னைத்தானே கேலி செய்துகொண்ட ஒரு நிகழ்ச்சியும் உண்டு. 2009 இல் கிரெய்க் பென்னெட்டும் சகாக்களும் செத்த சல்மன் மீன் ஒன்றை ஸ்கானருக்குள் வைத்து, மனிதர்களின் படங்களை அதற்குக் "காட்டி", அவர்கள் என்ன உணர்கிறார்கள் என்று "கேட்டார்கள்". ஆயிரக்கணக்கான கட்டங்களை ஒரே நேரத்தில் சோதிக்கும்போது செய்ய வேண்டிய புள்ளிவிபரத் திருத்தத்தைச் செய்யாமல் விட்டபோது, அந்த மீனின் மூளையிலும் சிவப்புப் புள்ளிகள் தோன்றின; திருத்தம் செய்ததும் மறைந்துவிட்டன. ஆகவே ஒரு படத்தைக் காட்டி "உங்கள் பிள்ளை கணக்கில் கெட்டிக்காரனாக வருவான்" என்று யாராவது சொன்னால், அந்த மீனை நினைத்துக்கொள்ளுங்கள்.

என்றாலும் வெறும் கேலியோடு நிறுத்த மனமில்லை. 2006 இல் ஏட்ரியன் ஓவனின் குழு, விபத்துக்குப் பின்னர் உணர்விழந்தவராகக் கருதப்பட்ட 23 வயதுப் பெண்ணிடம், டென்னிஸ் விளையாடுவதாகவும் வீட்டின் அறைகளில் நடப்பதாகவும் கற்பனை செய்யச் சொன்னது. உடலில் எந்த அசைவும் இல்லை; ஆனால் மூளையில் ஆரோக்கியமானவர்களுக்கு ஏற்படும் அதே மாற்றங்கள் ஏற்பட்டன. அவர் கேட்டுக்கொண்டிருந்தார் என்பதற்கு அதைவிடப் பெரிய அத்தாட்சி வேறென்ன வேண்டும்?

பதில் 3: கொட்டாஞ்சேனை அண்ணன்

என் தங்கைக்கு இதே பிரச்சினைக்காக இந்தியாவில் இவையெல்லாம் செய்தோம். பெற் ஸ்கான் பற்றி யாரும் சொல்லவில்லை என்பதால் எழுதுகிறேன். கதிர்த்தொழிற்பாடுள்ள புளோரின் சேர்த்த ஒருவகைக் குளுக்கோசை நரம்பில் ஏற்றுவார்கள். அந்தப் புளோரின் 110 நிமிடத்தில் பாதியாகக் குறைந்துவிடும் என்பதால், அதைக் கையிருப்பில் வைத்துக்கொள்ள முடியாது. வலிப்பு தொடங்கும் இடம், வலிப்பு இல்லாத வேளையில் மற்ற இடங்களைவிடக் குறைவாகவே குளுக்கோசை எடுத்துக்கொள்ளுமாம். அது படத்தில் மங்கிய திட்டாகத் தெரியும். எம்.ஆர்.ஐ. தழும்பும் இந்தத் திட்டும் ஒரே இடத்தில் விழுந்தால் வைத்தியர்களுக்கு நம்பிக்கை கூடுகிறது. வெறும் வயிற்றோடு போக வேண்டும். ஊசி போட்ட பின்னர் மங்கலான அறையில் அரை மணித்தியாலத்துக்கு மேல் பேசாமல் படுத்திருக்கச் சொன்னார்கள். அந்த நேரத்தில் வலிப்பு வந்தால் அதே இடம் தலைகீழாகப் பிரகாசமாகத் தெரியக்கூடும் என்பதால், தலையில் ஈ.ஈ.ஜி. கம்பிகளும் இருந்தன.

மொழி விடயத்தில் நாங்கள் பட்ட பாட்டைச் சொல்கிறேன். முதலில் போன இடத்தில் திரையில் வந்த அறிவுறுத்தலும் எழுத்தும் ஆங்கிலம். தமிழில் மட்டும் படித்த என் தங்கை, பதறிப்போய் ஒரு சொல்லும் நினைக்காமல் படுத்திருந்திருக்கிறாள். "எப்பக்கம் என்று முடிவுசெய்ய இயலவில்லை" என்று அறிக்கை வந்தது. அடுத்து, கழுத்துக் குருதிக்குழாய் வழியாக மருந்து செலுத்தி மூளையின் ஒரு பாதியைச் சில நிமிடம் உறங்கவைக்கும் வாடா பரிசோதனை வரை பேச்சு வந்துவிட்டது. வேறோர் இடத்தில் தமிழில் திரும்பச் செய்தபோது, இடது பக்கம் என்று ஐயமின்றித் தெரிந்தது.

வெள்ளவத்தை அம்மா

மிக்க நன்றி. மகனிடம் எல்லாவற்றையும் வாசித்துக் காட்டினேன். அவனுக்குப் பல்லில் கம்பி கட்டியிருக்கிறது. அதனால் இடைஞ்சல் வருமா?

காந்தக்கூடம்

வரக்கூடும் அக்கா. உலோகத்துக்கு அருகே காந்தப் புலம் குழம்பி, மூளையின் முன்புறமும் பொட்டின் கீழ்ப்புறமும் படத்திலிருந்து மறைந்துபோகலாம். நீங்கள் அறிய வேண்டியிருப்பதோ அந்தப் பக்கம்தான். திகதி குறிக்கும்போதே சொல்லுங்கள், பல் வைத்தியரிடம் கழற்றிவிட்டு வரச் சொல்லக்கூடும். மொழியைப் பொறுத்தவரை, தமிழிலும் ஆங்கிலத்திலும் தனித்தனியாகச் செய்ய முடியுமா என்று முன்கூட்டியே கேளுங்கள். "க" என்று திரையில் வந்தால் கா, கி, கு வரிசை முழுவதும் சேர்த்தியா, "க" மட்டும்தானா என்பதையும் உள்ளே போவதற்கு முன்னரே பேசி வைத்துக்கொள்ளச் சொல்லுங்கள். போன கிழமை ஒரு பெரியவர் அந்தச் சந்தேகத்திலேயே முதல் 30 செக்கனையும் கழித்துவிட்டார்.