நகரம் கட்டும் விளையாட்டுகளில் வேலைநிறுத்தம்: இன்னும் மனதை விடாத ஒரு சம்பவம் சொல்லுங்கள்

பனிமேட்டுப் பொறியாளர்:

ஃப்ராஸ்ட்பங்க், உறைபனியில் நகரம் கட்டும் விளையாட்டு; அதன் த லாஸ்ட் ஆட்டம் (The Last Autumn) டிஎல்சி, அதாவது கூடுதல் பகுதி. ஆடியவர்களுக்குத் தெரியும், அதனால் கதைச் சுருக்கம் வேண்டாம். சைட் 113 என்ற கட்டுமான இடம், குளிரில் ஊரைச் சூடாக வைக்கப்போகும் ஜெனரேட்டர் பாதிக்கு மேல் எழுந்துவிட்டது. கடல் உறைந்தால் கப்பல் வராது, அதற்குள் முடித்தாக வேண்டும். ஜெனரேட்டருக்காகத் தோண்டும் குழி ஆழமாக ஆக விஷவாயு ஏறுகிறது. காற்றோட்ட நிலையங்கள் ஓடுகின்றன, ஆனாலும் பணியிடப் பேனலில் ஆபத்து என்று சிவப்பில் நிற்கிறது. அந்த நேரத்தில்தான் குழியில் இருந்தவர்கள் கருவிகளை வைத்துவிட்டு மேலே வந்து நின்றார்கள்.

பேச்சுவார்த்தைத் திரையைத் திறந்தேன். கேட்டது சம்பளம் இல்லை. வேலை நேரத்தைக் குறை, உள்ளே போனவர்கள் உயிரோடு திரும்ப வழி செய். அவ்வளவுதான். அதே திரையின் மேல் கெடு ஓடிக்கொண்டிருக்கிறது. ஜெனரேட்டர் முடியாவிட்டால் பின்னால் வரப்போகும் அத்தனை பேரும் குளிரில் சாவார்கள், அதுவும் பொய் இல்லை. இரண்டு பக்கமும் நியாயம். ஐந்து நிமிடம் விளையாட்டை நிறுத்தி வைத்து அந்தத் திரையையே பார்த்துக்கொண்டிருந்தேன். வேறு எந்த விளையாட்டும் என்னை இப்படி உட்கார வைத்ததில்லை.

கடைசியில் ஒப்புக்கொண்டேன். வாக்குறுதியையும் காப்பாற்றினேன். ஜெனரேட்டரும் முடிந்தது. ஆனாலும் அந்தக் காட்சி போகவில்லை. உங்களுக்கும் இப்படி ஒன்று இருந்தால் எழுதுங்கள்.

ஆறாம் மண்டலம்:

என்னுடையது பழசு, சிம்சிட்டி 4. நண்பர் ஒருவர் தன் நகரத்தின் சேவ் கோப்பைக் கொடுத்து, "பணம் வருது, ஆனா ஊரு ஏதோ சரியில்ல, பாரு" என்றார். திறந்தால் வரவுசெலவு கச்சிதம், மாதாமாதம் உபரி. பெரிய மருத்துவமனை வாசலில் மருத்துவர்கள் பதாகை பிடித்து நிற்கிறார்கள்.

கட்டடத்தைக் கிளிக் செய்து பார்த்தேன். நோயாளிகள் எண்ணிக்கை கொள்ளளவைத் தாண்டிப் போயிருந்தது. நகரம் சின்னதாக இருந்த காலத்தில் யாரோ நிதியை இறக்கி வைத்திருக்கிறார்கள், அப்போது அது சரிதான். அப்புறம் மக்கள் தொகை ஏறியிருக்கிறது, நிதியை ஏற்றி இறக்கும் ஸ்லைடர் அங்கேயே கிடந்திருக்கிறது. ஸ்லைடரை ஏற்றினேன், சில மாதங்களில் கூட்டம் கலைந்தது.

மனதில் நிற்பது அதற்கு முந்தைய நிமிடம். உபரி என்று பச்சையில் காட்டிய அந்த எண், வாசலில் நின்றவர்களிடமிருந்து எடுத்த பணம். இரண்டையும் ஒரே திரையில் பார்த்தது அன்றைக்குத்தான்.

ரோமாபுரி ஆளுநர்:

ஆறாம் மண்டலம், மன்னிக்கவும், சிம்சிட்டியில் நடப்பதை வேலைநிறுத்தம் என்று என்னால் ஏற்க முடியவில்லை. அங்கே பேசுவதற்கு ஆளே கிடையாது. கோரிக்கை கிடையாது, தலைவர் கிடையாது. கொள்ளளவு போதவில்லை என்று சொல்லும் விளக்கு அது, விளக்குக்குப் பதாகை கொடுத்திருக்கிறார்கள். முதலில் எழுதியவர் சொன்னதுதான் வேலைநிறுத்தம்: எதிரில் ஒருவர் நின்று ஒன்று கேட்கிறார், கொடுத்தால் உனக்கு ஏதோ குறைகிறது.

நான் சொல்ல வந்தது சீசர் 3, ரோமின் ஆளுநராக ஊர் கட்டும் விளையாட்டு, 1998இல் வந்தது. அதில் வேலைநிறுத்தம் என்று தனியாக இல்லை, ஆனால் கூலிக் கோபம் உண்டு. தொழிலாளர் ஆலோசகர் திரையில் ரோமின் கூலி ஒரு பக்கம், நாம் கொடுப்பது மறுபக்கம். ரோம் 30 டெனாரி, நானும் 30. ஊர் அமைதி, தானியக் கிடங்கு நிறைந்திருக்கிறது. ஒரு நாள் தூதுச்செய்தி: ரோம் கூலியை உயர்த்திவிட்டது. நான் எதையுமே தொடவில்லை. ஒரு காசு குறைக்கவில்லை. ஆனாலும் அந்த நிமிடம் முதல் நான் குறைவாகக் கொடுக்கும் ஆளுநர். மக்கள் மனநிலை இறங்கியது, கொஞ்ச காலத்தில் கலகக்காரன் ஒருவன் தீ வைத்தான், அதுவரை தீயணைத்துக்கொண்டிருந்த பிரிஃபெக்ட் காவலர்கள் கத்தியோடு ஓடினார்கள்.

கூலி என்பது கையில் வருகிற தொகை மட்டும் இல்லை, பக்கத்து ஊர்க்காரனுக்கு என்ன கிடைக்கிறது என்பதும்தான். அதை எனக்குச் சொன்னது அந்த ஒரு தூதுச்செய்தி.

கணக்குப்பிள்ளை 4:

சிம்சிட்டி 4 பற்றி இங்கே அரைகுறையாக விட்டுவிட்டீர்கள், அதனால் முழுதாகச் சொல்கிறேன். எனக்கும் ஆசிரியர் வேலைநிறுத்தம் வந்திருக்கிறது, ஊரின் எல்லாப் பள்ளிகளிலும் ஒரே நேரத்தில். அது கிடக்கட்டும்.

துறை ஸ்லைடரைத் தொடாதீர்கள். பட்ஜெட் திரையில் கல்வி முழுவதையும் ஒரே இழுப்பில் இறக்கினால் நெரிசலான பள்ளியும் காலிப் பள்ளியும் ஒன்றாக அடிபடும். ஒவ்வொரு பள்ளியையும் மருத்துவமனையையும் தனித்தனியாகக் கிளிக் செய்யுங்கள், அந்தக் கட்டடத்துக்கென்றே நிதி உண்டு. அதில் இரண்டு ஸ்லைடர். ஒன்று கட்டடத்துக்கு, அது எத்தனை பேரைக் கொள்ளும் என்பதைத் தீர்மானிக்கும். மற்றது பேருந்து அல்லது ஆம்புலன்ஸ், அது எவ்வளவு தூரம் எட்டும் என்பதை. இந்த இரண்டையும் குழப்பிக்கொள்பவர்கள்தான் அதிகம். நெரிசல் இருக்கும்போது பேருந்து நிதியை ஏற்றினால் இன்னும் தூரத்திலிருந்து பிள்ளைகள் வந்து சேர்வார்கள், வேலைநிறுத்தம் மோசமாகும். ஏற்ற வேண்டியது முதல் ஸ்லைடர்.

புதுப் பள்ளி கட்டினால் முழு நிதி வீண், மாணவர்களே இருக்க மாட்டார்கள். எண்ணிக்கையைப் பார்த்து அதற்குச் சற்று மேலே கொள்ளளவு நிற்கும்படி இறக்குங்கள். சற்று மேலே என்பதைக் கவனியுங்கள், ஒட்டி வைத்தால் பக்கத்தில் ஒரு அடுக்குமாடி எழுந்ததும் தாண்டிவிடும். பக்கத்து நிலத்தை அடர்குடியிருப்பாக மாற்றும் முன்பே நிதியை ஏற்றிவிடுங்கள், பின்னால் இல்லை. ஸ்லைடர் உச்சத்தில் இருந்தும் போதவில்லை என்றால் அது நிதிப் பிரச்சினை இல்லை, இன்னொரு கட்டடம் கட்டும் நேரம். பழைய கட்டடத்தின் எட்டும் தூரத்தைக் குறைத்து இரண்டுக்கும் பகுதி பிரித்துக்கொடுங்கள்.

வேலைநிறுத்தம் முடிந்ததும் எல்லாம் சரி என்று நினைக்காதீர்கள். பள்ளி நின்ற காலத்தில் பிள்ளைகள் படிக்கவில்லை, கல்விக் குறியீடு இறங்கும். அந்தத் தலைமுறை வேலைக்கு வரும்போது உயர் தொழில்நுட்பத் தொழிற்சாலைகள் வரத் தயங்கும். யோசித்தால், மாதம் மிச்சம் பிடித்த தொகை அதற்கு முன்னால் ஒன்றுமே இல்லை.

ஃப்ராஸ்ட்பங்க் நண்பருக்கும் ஒன்று: தந்தி நிலையம் வழியே முன்கூட்டியே ஆள் வரவழைத்திருந்தால் ஷிஃப்டைக் குறைத்தும் கெடுவை எட்டியிருக்கலாம். குழி தோண்டத் தொடங்கும் முன்பே காற்றோட்ட நிலையங்கள் தயாராக இருக்க வேண்டும்.

பனிமேட்டுப் பொறியாளர்:

கணக்குப்பிள்ளை அண்ணா, கெடுவை எட்டிவிட்டேன் என்றுதானே எழுதியிருக்கிறேன். ஆள் வரவழைத்தேன், நிலையங்களும் இருந்தன. நான் வழி கேட்கவில்லை. சிறப்பாக ஆடினால் அந்தத் திரையே வராது என்பது சரி. வந்த பிறகு அங்கே நிற்பவர்களின் முகத்தில் என்ன இருக்கிறது என்பதைப் பற்றித்தான் எழுதினேன். சிம்சிட்டி விளக்கம் பயனுள்ளது, நன்றி.

நீராவி நகரம்:

அன்னோ 1800. எஃகு ஆலை. வேலைச் சூழல் ஸ்லைடர் தெரியும் அல்லவா, உற்பத்தியை 150% வரை தள்ளலாம், அங்கே வேலை செய்பவர்களின் மகிழ்ச்சி அதற்கேற்ப இறங்கும். போட்டியாளர் ஒருவர் பக்கத்துத் தீவை வளைக்கப் பார்க்கிறார், எனக்குக் கப்பல் வேண்டும், கப்பலுக்குப் பாய்மரம் மட்டும் போதாது, பீரங்கி வேண்டும், பீரங்கிக்கு எஃகு. எனவே தள்ளினேன். பீர் குறையாமல் பார்த்துக்கொண்டேன், அதனால் கொஞ்ச காலம் தாங்கியது. பிறகு ஆலைத் தெருவில் கூட்டம் கூடியது.

அதே நேரத்தில் பத்திரிகை வந்தது. அச்சுக்குப் போகும் முன் செய்தியை மாற்றச் செல்வாக்குப் புள்ளி செலவழிக்கலாம் அல்லவா, மாற்றினேன். ஊர் செழிப்பாக இருக்கிறது என்று முதல் பக்கம். பத்திரிகையை மூடியதும் பின்னால் திரையில் அதே தெரு, அதே கூட்டம், காவலர்கள் ஓடுகிறார்கள். அந்த இரண்டு படமும் அடுத்தடுத்து வந்ததுதான் எனக்கு விடாமல் இருப்பது. செய்தி மகிழ்ச்சிப் புள்ளியைக் கொஞ்சம் ஏற்றவும் செய்தது, அதாவது அது வேலை செய்தது. வேலை செய்தது என்பதுதான் உறுத்துகிறது.

ரோமாபுரி ஆளுநருக்கு: பேச ஆள் இருந்தால்தான் வேலைநிறுத்தம் என்கிறீர்கள். இங்கேயும் பேச்சுவார்த்தைத் திரை கிடையாது. ஸ்லைடரை இறக்குவதுதான் பதில். ஆனால் ஏன் கூடினார்கள் என்று எனக்குத் தெரியும், எதை நிறுத்தினால் கலைவார்கள் என்றும் தெரியும். கோரிக்கை அதற்கு மேல் எழுத்தில் வர வேண்டுமா?

மணல்கோபுரம்:

இந்த வாதத்துக்கு உதவலாம். பழைய எகிப்தில் நடக்கும் ஃபாரோ ஆடியிருப்பீர்கள், 1999. பிரமிடு கட்டுகிறோம், கல்லறை கட்டுகிறோம், கூலியை நாட்டின் கூலியோடு ஒப்பிட்டு மக்கள் முகம் சுளிக்கிறார்கள், சீசர் 3 மாதிரியே. நினைவுச்சின்னத்துக்குக் கல் இழுத்து வரும் விவசாயிகள் ஒருபோதும் நிற்பதில்லை. வெள்ளம் முடிந்தால் வயலுக்குப் போவார்கள், அவ்வளவுதான்.

வரலாற்றில் நின்றிருக்கிறார்கள். எகிப்தில் டெயர் எல் மெடினா என்ற கிராமம், அரச கல்லறைகளை வெட்டி ஓவியம் தீட்டிய கைவினைஞர்கள் குடியிருந்த இடம். மன்னன் மூன்றாம் ராம்சேஸின் 29-ஆம் ஆட்சியாண்டில் தானியப் படி வந்து சேரவில்லை. பசிக்கிறது என்று வேலையை விட்டுவிட்டுப் போய்க் கோயில்களின் அருகே உட்கார்ந்துவிட்டார்கள். அதிகாரிகள் வந்து பேசுகிறார்கள், கொஞ்சம் கொடுக்கிறார்கள், மறுபடி தாமதம், மறுபடி உட்காருகிறார்கள். எழுதி வைத்த பப்பைரஸ் இத்தாலியின் டூரின் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. எழுத்தில் பதிவான வேலைநிறுத்தங்களில் மிகப் பழையது அதுதான் என்கிறார்கள்.

இதைப் படித்த பிறகு ஃபாரோவில் கல்லறை கட்டும் கட்டத்தை ஆடும்போது எனக்குக் கை நிற்கிறது. தானியக் கிடங்கு காலியாகும்போது கல்கொத்தர் எழுந்து போய்க் கோயில் வாசலில் உட்கார வேண்டும். பொருள் அத்தனையும் அந்த விளையாட்டில் இருக்கிறது: கிடங்கு, கோயில், கல்கொத்தர் சங்கக் கட்டடம். அந்த ஒரு நடத்தையை மட்டும் வைக்கவில்லை.

ரோமாபுரி ஆளுநர்:

நீராவி நகரம், ஒப்புக்கொள்கிறேன், காரணம் தெரிந்தால் பாதிக் கோரிக்கை வந்த மாதிரிதான். ஆனால் மணல்கோபுரம் சொன்னதைப் பாருங்கள். அவர்கள் உட்கார்ந்ததும் அதிகாரி வந்து பேசினார், ஒரு பங்கு கொடுத்தார், அது போதாமல் மறுபடி நடந்தது. அந்த இழுபறிதான் எந்த விளையாட்டிலும் சரியாக வரவில்லை என்கிறேன். ஸ்லைடரை ஏற்றியதும் எல்லோரும் ஒரே நேரத்தில் திருப்தியாகிவிடுகிறார்கள்.

தீவுத் தலைவர்:

எல்லோரும் திருப்தியாவதில்லை, ட்ராபிகோ 4 ஆடுங்கள். கூலியை ஒவ்வொரு கட்டடத்துக்கும் தனியாக வைக்கலாம். சுரங்கத்தில் முணுமுணுப்பு, வேலைத் தரம் மோசம் என்று. கூலியை ஏற்றினேன், அமைதியானது. கொஞ்ச நாளில் சோளப் பண்ணையில் ஆள் இல்லை. எல்லோரும் சுரங்கத்துக்கு விண்ணப்பித்துப் போய்விட்டார்கள். பண்ணையில் ஏற்றினால் துறைமுகத்தில் ஏற்றி அனுப்புபவர் இல்லாமல் சரக்கு குவிகிறது. எனக்கு மறக்காத காட்சி: அறுவடை முற்றி நிற்கும் வயல், அதன் நடுவே ஒரே ஒரு வயதான விவசாயி. மற்றவர்கள் போனது அவருக்கும் தெரியும், கூலி எங்கே அதிகம் என்பதும் தெரியும். சுரங்கம் அவர் வீட்டிலிருந்து தீவின் மறுமுனையில் இருந்தது.

அதற்குப் பிறகு கூலியை ஒரே கட்டடத்தில் ஏற்றுவதில்லை. படிப்பு தேவைப்படாத வேலைகள் எல்லாவற்றையும் ஒரே மட்டத்தில் வைத்து, சுரங்கத்துக்குச் சற்று மேலே, சுரங்கத்தின் பக்கத்திலேயே வீடு. கருவூலம் மெலிகிறது, ஆனால் வயலில் ஆள் இருக்கிறார்கள். சிட்டீஸ்: ஸ்கைலைன்ஸில் ஆடுபவர்கள் யாராவது இருந்தால் ஒன்று சொல்லுங்கள். அதில் சேவை பட்ஜெட்டை 50% வரை இறக்கினாலும் செவிலியர் ஒருவர்கூட வாசலுக்கு வந்து நிற்பதில்லை, சேவைதான் மெலிகிறது. மோட் (ஆடுபவர்கள் செய்து சேர்க்கும் மாற்றம்) எதுவும் இல்லாமல் அதை உணரும்படி ஆடுவது எப்படி?