லுபிடா தோவாரின் மெக்சிகோ படங்கள்: உதவி தேவை

நண்பர்களுக்கு வணக்கம். நடிகை லுபிடா தோவார் பற்றி ஒரு கட்டுரை எழுதிக்கொண்டிருக்கிறேன். மெக்சிகோவின் ஓவஹாகா மாநிலத்தில் 1910இல் பிறந்தவர். 2016இல் 106 வயதில் மறைந்தார்.

பேசும்படம் வந்த புதிதில் யூனிவர்சல் நிறுவனம் சில படங்களை ஸ்பானிய மொழியிலும் தனியாக எடுத்தது. 1931இல் வந்த 'டிராகுலா' அப்படிப்பட்டது. பகலில் ஆங்கிலக் குழு நடித்த அதே அரங்குகளில் இரவு முழுக்க ஸ்பானியக் குழு வேலை செய்தது. ஈவாவாக வரும் தோவாரைப் பாருங்கள்: காதலனோடு பேசிக்கொண்டிருக்கும்போதே பார்வை மாறி அவன் கழுத்துக்குத் தாவும் இடத்தில் உண்மையாகவே பயம் வருகிறது. ஆங்கிலப் படத்தின் நாயகியைவிட இவரே எனக்கு உயிருள்ளவராகத் தெரிகிறார்.

மெக்சிகோவின் தொடக்ககாலப் பேசும்படமான 'சாந்தா'வின் (1932) நாயகியும் இவர்தான். வஞ்சிக்கப்பட்டு விலைமாதர் இல்லத்துக்கு வந்துசேரும் கிராமத்துப் பெண். அவளை நேசிக்கும் பார்வையற்ற பியானோக் கலைஞர். நான் பார்த்த பிரதியில் ஒலி மிக மோசம், வசனம் பாதி புரியவில்லை. அதே ஆண்டு படத் தயாரிப்பாளர் பால் கோனரைத் தோவார் மணந்தார். பிறகு நடித்த படங்களைப் பற்றி எழுதுவோர் குறைவு. அதுதான் எனக்கு வருத்தம்.

'சாந்தா'வின் நல்ல பிரதி ஆங்கிலத் துணைவரிகளோடு எங்கே கிடைக்கும்? தோவார் நடித்து 1943இல் வந்த 'ரெசுரெக்சியோன்' யாரிடமாவது இருக்கிறதா? ஸ்பானியம் தெரிந்தவர்கள் பழைய பத்திரிகைப் பக்கங்கள் சிலவற்றைப் படித்துச் சொல்ல முடியுமா? விவரம் தெரிந்தவர்கள் இங்கேயே எழுதுங்கள், பிறருக்கும் பயன்படும்.